சம்பந்தியம்மா பார்க்கும் சீரியல்

அத்தியாயம் பதினேழு

போன வாரம் செல்வநாயகியைக் கோயம்பேட்டில் விருத்தாசலம் பஸ்ஸில் ஏற்றிவிட்டு நிறுத்தினோம். பாவம், வழி நெடுகக் கண்ணை மூடாமல் வந்து சேர்ந்துவிட்டாள். காலையில் அண்ணன் வீட்டு வாசலில் ஆட்டோவை விட்டு இறங்கியபோது அவள் முகத்தைப் பார்த்திருந்தால், கல்யாண வீட்டுக்கு வந்தவள் என்று யாரும் சொல்லியிருக்க மாட்டார்கள்.

செல்வநாயகி யார் என்று கேட்கிற புது வாசகர் யாராவது இருந்தால் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். திங்கள் முதல் வெள்ளி வரை இரவு எட்டரை மணிக்கு, அடுப்பில் பால் பொங்குவதுகூடத் தெரியாமல் பார்க்கிறார்களே ‘தாழம்பூ வீடு’, அந்தச் சீரியலின் கதை வசனம் அவள். தயாரிப்பும் அவள்தான். கணவன் தவறிப்போனபின் அண்ணன் பழமலைநாதன் வீட்டோடு வந்தவள், செராமிக் தொழிற்பேட்டையில் அவருடைய பட்டறையில் பீங்கான் பியூஸ் கேரியர்களைப் பெட்டியில் அடுக்கிக்கொண்டே புதுச்சேரி வானொலிக்கு நாடகம் எழுதிப் போட்டாள். அங்கிருந்து சென்னை. முதலில் யாரோ ஒருத்தர் பெயரில் வசனம், அப்புறம் பொடி எழுத்தில் தன் பெயர், அப்புறம் கதை, கடைசியில் சொந்தக் கம்பெனி. ‘எழுதித் தயாரிப்பவர் செல்வநாயகி’ என்று திரை முழுக்கப் பெயர் வந்த அன்றைக்குப் பழமலைநாதன் பேட்டையில் எல்லாருக்கும் லட்டு கொடுத்தார்.

அந்த அண்ணனின் ஒரே மகள் மோகனப்பிரியா. நல்லூரில் ஒரு பள்ளிக்கூடத்தில் டீச்சர். அவளுக்குப் பூ வைக்க ஸ்ரீமுஷ்ணத்துக்காரர்கள் இன்றைக்கு வருகிறார்கள். தை மாதம்தான் என்று சொல்லிக்கொண்டிருந்தவர்கள், அவர்கள் வீட்டு ஜோசியர் ஏதோ சொல்லிவிட்டார் என்று திடீரென்று முன்னால் இழுத்துவிட்டார்கள்.

அத்தைக்காரிக்குச் சந்தோஷமாக அல்லவா இருக்கவேண்டும்? அவளுக்கோ பயம்தான் இருந்தது. இன்றைக்கு ராத்திரி எட்டரை மணிக்கு என்ன ஓடப்போகிறது என்பது இந்த வீட்டில் அவள் ஒருத்திக்குத்தான் தெரியும்.

“வா செல்வி, வா!” என்று பழமலைநாதன் ஓடிவந்து பையை வாங்கினார். சூளையைத் திறந்துவிட்டு நேராக வந்திருக்கிறார் போல, முழங்கால் வரை வெள்ளை மண் அப்பியிருந்தது. “சம்பந்தியம்மா நேத்து மட்டும் மூணு தடவ போன் பண்ணிட்டாங்க. உன்னத்தான் கேக்குறாங்க. ‘எழுத்தாளரம்மா வராங்களா, வராங்களா’ன்னு. பொண்ணப் பத்தி ஒரு வார்த்த கேக்கல தெரியுமா!”

சொல்லிவிட்டு அவரே சிரித்தார். அந்தச் சிரிப்பைப் பார்க்க முடியாமல் செல்வநாயகி செருப்பைக் கழற்றுகிற சாக்கில் குனிந்துகொண்டாள்.

“இன்னொரு விசேஷம் கேளு. எட்டரைக்கு நம்ம வூட்டுலயே ஒக்காந்து, உன் பக்கத்துல இருந்து சீரியல் பாக்கணுமாம். அது முடிஞ்ச கையோட பூ வெக்கிறதாம். அந்த அம்மா ஊரு பூரா சொல்லிட்டு வருது.”

செல்வநாயகி நேராக அடுக்களைக்கு நடந்தாள்.

அடுக்களையில் அண்ணி பூங்கோதை அதிரசம் சுட்டுக்கொண்டிருந்தாள். செல்வநாயகி போய்ப் பக்கத்தில் நின்றாள். ஆயிரம் எபிசோடு எழுதியவளுக்கு ஒரு வாக்கியம் ஆரம்பிக்கத் தெரியவில்லை.

“என்னா செல்வி, மொகமே செரியில்ல? பஸ்ஸுல தூங்கலியா?”

“அண்ணி, நம்ம பிரியாவுக்குச் சின்ன வயசுல வலிப்பு வந்துச்சுல்ல...”

பூங்கோதையின் கையிலிருந்த கரண்டி அப்படியே நின்றது. வாசல் பக்கம் எட்டிப் பார்த்துவிட்டுக் குரலை இறக்கினாள். “இப்ப எதுக்கு அந்தப் பேச்சு? அது எப்பவோ செரியாயிடுச்சு. டாக்டரே மாத்திரைய நிறுத்தி வருசக்கணக்காவுது. இன்னைக்கிப் போயி அத வாயால சொல்றியே!”

“ஸ்ரீமுஷ்ணத்துக்காரங்ககிட்ட சொல்லிட்டீங்களா?”

“சொல்லுவாங்களா யாராவது? செரியாப்போன சீக்க எதுக்குச் சொல்லணும்?”

“நான் சொல்லிட்டேன் அண்ணி,” என்றாள் செல்வநாயகி. “சீரியல்ல எழுதிட்டேன். இன்னைக்கி ராத்திரி வருது.”

எண்ணெயில் கிடந்த அதிரசம் கருகுகிற வாசனை வந்தது. இரண்டு பேரும் அதை எடுக்கவில்லை.

நடந்தது இதுதான். மாதக் கணக்காக ‘தாழம்பூ வீடு’ சவலைப் பிள்ளை மாதிரி இழுத்துக்கொண்டு கிடந்தது. சேனல் அதிகாரி கூப்பிட்டு, ஜனங்கள் வேறு பக்கம் திருப்புகிறார்கள், சீக்கிரம் ஏதாவது செய்யுங்கள், இல்லாவிட்டால் எட்டரை மணியை வேறு ஆளுக்குக் கொடுத்துவிடுவோம் என்று சொல்லிவிட்டார். அன்றைக்குப் பேனாவை எடுத்து உட்கார்ந்தவளுக்கு வேறு எதுவும் ஓடவில்லை. பள்ளிக்கூடப் பிரேயரில் விழுந்த ஏழு வயசுப் பிரியாதான் ஓடினாள். எழுத எழுதத் தண்ணீராக வந்தது. பெயரைச் சுடர்க்கொடி என்று மாற்றினாள். ஊரைத் திருநெல்வேலிப் பக்கம் கொண்டுபோனாள். அப்பாவுக்கு அரிசி மில் வைத்துக் கொடுத்தாள். பிரியாவுக்குத்தான் தையில் பூ வைக்கிறார்களே, அதற்குள் இந்தக் கதை ஓடி மறந்தே போய்விடும், யாருக்குத் தெரியப்போகிறது என்று நினைத்துக்கொண்டாள். எழுதுகிறவர்களுக்கு எல்லாரையும் பற்றித் தெரியும், தங்களைப் பற்றி மட்டும் ஒரு மண்ணும் தெரியாது.

யாருக்குத் தெரியாது? விருத்தாசலத்தில் அந்தச் சீரியலைக் கதை பார்ப்பதற்காகவா பார்க்கிறார்கள்? ‘இது அவ அண்ணி பேசுற பேச்சு’, ‘அது மார்க்கெட்டு மளிகைக் கடைக்காரரு’ என்று ஆள் கண்டுபிடிப்பதற்காகவே பார்க்கிறார்கள். செல்வநாயகி தன் வீட்டைத்தான் எழுதுவாள் என்பது ஊருக்கே அத்துபடி. பழமலைநாதனே அதைப் பெருமையாகச் சொல்லித்தான் ஸ்ரீமுஷ்ணத்துச் சம்பந்தத்தைப் பிடித்தார். “எங்க வூட்டுல நடக்கிறதுதாங்க அதுல வருது,” என்று சம்பந்தியம்மாவிடம் நேரில் சொல்லியிருக்கிறார், அந்த மனுஷன்!

விஷயம் தெரிந்ததும் அவர் கத்தவில்லை. கத்தியிருந்தால்கூடத் தேவலாம். கயிற்றுக் கட்டிலில் உட்கார்ந்து தங்கையையே பார்த்தார்.

“சாவிக்கொத்து வெக்கிறது வருதா?”

“வருது.”

“கடுகு டப்பாவுல மாத்திரைய ஒளிச்சு வெச்சது?”

“அதுவும் வருது அண்ணே.”

“உன் சீரியலுதான? நீதான மொதலாளி? போன் பண்ணி நிறுத்தச் சொல்லு.”

செல்வநாயகி நேற்றிலிருந்து அதைத்தான் செய்துகொண்டிருந்தாள். அண்ணன் முன்னால் மறுபடி செய்தாள். சென்னையில் அவளுடைய புரொடக்‌ஷன் மேனேஜர் கொளஞ்சியப்பன், கருவேப்பிலங்குறிச்சிக்காரன், அவள் கையோடு அழைத்துப்போய் ஆளாக்கியவன். அவன் பேசுவது எல்லாருக்கும் கேட்கட்டும் என்று ஸ்பீக்கரில் போட்டாள்.

“அக்கா, நான் சேனல் வாசல்லதான் நிக்கிறேன். டேப்பு உள்ள போயிடுச்சு. போன டேப்ப வெளிய எடுக்க முடியாதுங்கறாங்க.”

“பழைய எபிசோடு ஏதாவது ஒண்ணு போடச் சொல்லுப்பா. டேப்புல கோளாறுன்னு சொல்லு.”

“சொல்லிப் பாத்துட்டேங்க்கா. அந்தப் பொண்ணு கோலத்து மேல விழுற எடத்த மூணு நாளா விளம்பரம் ஓட்டிட்டாங்க. இன்னைக்கி அது வரலன்னா நாளையிலேருந்து நம்ம சீரியலே கெடையாதாம். சிரிச்சிக்கிட்டே சொல்றாருக்கா அந்த ஆபீசரு. ‘உங்க மேடம் இவ்வளவு நாள்ல எழுதுனதுலயே இதுதான் உருப்படி’ங்கறாரு.”

செல்வநாயகி போனை அணைத்தாள். யார் பெயரிலோ வசனம் எழுதிக்கொண்டிருந்த காலத்தில், பிடிக்காத ஒரு காட்சியை இரண்டு வரி மாற்றி எழுதி அவளால் காப்பாற்றிவிட முடியும். இப்போது கம்பெனி அவளுடையது, கேமரா வாடகை அவளுடையது, கதை அவளுடையது. சேனலின் அந்த அரை மணி நேரத்தை மட்டும் அவளால் தொடமுடியவில்லை.

“அவங்க வந்த ஒடனே நாமளே சொல்லிடலாம்.”

சொன்னது மோகனப்பிரியா. உள்ளறைக் கதவோரம் எப்போது வந்து நின்றாளோ தெரியாது. தலைக்கு ஊற்றிய ஈரம் காயவில்லை.

“நீ உள்ள போடி,” என்றாள் பூங்கோதை.

“நான் மொதல்லேருந்து அதத்தாம்மா சொன்னேன். நீதான் கையப் புடிச்சுக்கிட்டு அழுத. இப்ப சின்னத்தை ஊருக்கே சொல்லிட்டாங்க. நாம சொன்னா என்னா கொறஞ்சிடப் போவுது?”

“சொல்லிட்டு? அவங்க எழுந்து போவட்டும், நீ இந்த வூட்டுலயே நரைச்சுப் போறியா? யாருடி வருவா அப்புறம் உனக்கு?”

பிரியா அம்மாவைப் பார்க்கவில்லை. செல்வநாயகியைத்தான் பார்த்தாள். அந்தப் பார்வையில் கோபம் இருந்திருந்தால் செல்வநாயகி காலில் விழுந்திருப்பாள். கோபம் இல்லை. “என்னையா எழுதுனீங்க?” என்று ஆச்சரியப்படுகிற பார்வையாக இருந்தது. அதுதான் அவளைக் கொன்றது.

பழமலைநாதன் சட்டையை மாட்டிக்கொண்டு கிளம்பினார். “காத்தவராயனப் பாத்துட்டு வரேன்.”

காத்தவராயன் அந்தப் பகுதிக்குக் கேபிள்காரர். பழமலைநாதனோடு பள்ளிக்கூடத்தில் ஒரே பெஞ்சு. நம் வீட்டு ஒயரை மட்டும் பிடுங்கிவிட்டால் போதாது, சம்பந்தியம்மா பக்கத்து வீட்டுக்குக் கூட்டிப்போகச் சொல்லுவாள், தெருவுக்கே படம் வரக்கூடாது என்பது பழமலைநாதன் கணக்கு. போனவர் கொஞ்ச நேரத்தில் வேர்த்து விறுவிறுத்துத் திரும்பினார்.

“ஒத்துக்கிட்டான். எட்டரையிலேருந்து ஒம்போது வரைக்கும் நம்ம தெரு லைன அமத்திடுறேன்னான். ‘உன் தங்கச்சி எழுதுறதுக்கு நான் ஒத வாங்கணுமா’ன்னு கேக்குறான்.”

அந்த வீட்டில் அன்றைக்கு முதல்முறையாக எல்லாரும் மூச்சு விட்டார்கள். பூங்கோதை கருகிய எண்ணெயைக் கொட்டிவிட்டுப் புது எண்ணெய் காயவைத்தாள். கேபிள் ஒயரை அறுத்தால் கதை அறுந்துவிடும் என்று நினைக்கிற அளவுக்கு அவர்கள் நொந்து போயிருந்தார்கள்.

பொழுது சாய்ந்து வேன் வந்து நின்றது. முதலில் இறங்கியவள் மாப்பிள்ளையின் அம்மா ஆண்டாள். மாம்பழ நிறப் பட்டு, முகம் கொள்ளாத சிரிப்பு. பின்னால் அவள் கணவர் ராஜாங்கம், வாயைத் திறந்தால் முத்து உதிர்ந்துவிடும் என்பது போல வாயை மூடியே இருப்பவர். கூட ஊர்க்காரர்கள் சிலர். மாப்பிள்ளை தமிழ்ச்செல்வன் வரவில்லை. பூ வைக்கப் பையன் வரும் வழக்கம் அவர்களிடம் இல்லை.

ஆண்டாள் தட்டைக்கூட இறக்கி வைக்காமல் நேராகச் செல்வநாயகியிடம் வந்தாள்.

“அம்மா! நேர்ல பாத்துட்டேன்! டிவியில பேரு வர்றப்ப எல்லாம் எங்க மூத்த பொண்ணு கை தட்டுவா. இங்க வாங்க, நடுவுல ஒக்காருங்க.”

செல்வநாயகி வழக்கம்போலச் சுவரோரமாக ஒதுங்கி நின்றிருந்தாள். பூவும் மஞ்சளும் வைக்கிற இடத்தில் அவளைப் போன்றவர்கள் பின்னால் நிற்பதுதான் அந்தப் பக்கத்துப் பழக்கம். ஆண்டாள் அவள் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு போய் சோபாவின் நடுவில் உட்காரவைத்தாள். “எனக்கு அந்த வித்தியாசமெல்லாம் கெடையாதுங்க,” என்றாள் சத்தமாக. எவ்வளவு நல்ல மனுஷி! இவள் கெட்டவளாக இருந்திருக்கக் கூடாதா என்று செல்வநாயகி நினைத்தாள்.

பிரியா வந்து விழுந்து கும்பிட்டாள். ஆண்டாள் தாடையைத் தொட்டு முத்தம் வைத்தாள். காப்பி வந்தது, அதிரசம் வந்தது. பேச்சு முழுக்கச் சீரியல்தான்.

“அந்தப் பொண்ணு சுடர்க்கொடிக்கு என்னாங்க ஆச்சு? கோலம் போட்டுக்கிட்டே இருந்தவ மடேர்னு விழுறாளே? நான் மயக்கம்ங்கறேன். எங்க மூத்தவ வேற என்னமோ இருக்குதுங்கறா.”

“பாத்தா தெரிஞ்சிடுது,” என்றார் ராஜாங்கம். அன்றைக்கு அவர் உதிர்த்த முதல் முத்து அது.

எட்டரை ஆனது. ஆண்டாளே ரிமோட்டை வாங்கி அழுத்தினாள். திரை முழுக்கப் பூச்சி பறந்தது, இரைச்சல் வந்தது. காத்தவராயன் சொன்ன சொல் தவறவில்லை. பழமலைநாதன் எழுந்து போய் டிவியின் தலையில் இரண்டு தட்டு தட்டி, அடடா, தினமும் இப்படித்தாங்க, இந்தக் கேபிள்காரன் இருக்கானே என்று நடித்தார். அவர் நடிப்பைப் பார்த்துச் செல்வநாயகி கண்ணை மூடிக்கொண்டாள்.

தெருவில் யாரோ காத்தவராயனின் அம்மாவை இழுத்துத் திட்டினார்கள். ஆண்டாள் பக்கத்து வீட்டைக் கேட்டாள். அங்கேயும் வரவில்லை என்று பூங்கோதை ஓடிப்போய்ப் பார்த்துவிட்டு வந்தவள் போலச் சொன்னாள். “ஐயோ, ஆசையா வந்தேனே,” என்று ஆண்டாளின் முகம் குழந்தை மாதிரி சுருங்கிவிட்டது.

“போவட்டும், நல்ல காரியத்தப் பாப்போம்,” என்றார் பழமலைநாதன். “தட்ட எடுங்க.”

பூத் தட்டு நடுவுக்கு வந்தது. அந்த நேரம் பார்த்து ஆண்டாளின் செல்போன் அடித்தது.

“மூத்தவதான்!” என்று ஆண்டாள் துள்ளினாள். “யாரு பாக்கலன்னாலும் இன்னொருத்தி கத சொல்லிடணும், எங்க வூட்டு வழக்கம். அம்மா, நீங்களும் கேளுங்க, அவ எப்புடிச் சொல்றான்னு!” ஸ்பீக்கரை அழுத்திப் போனைப் பூத் தட்டின் மேலேயே வைத்துவிட்டாள்.

ஸ்ரீமுஷ்ணத்தில் கேபிள் நன்றாகத்தான் வந்துகொண்டிருந்தது.

“அம்மா, நான் சொன்னேன்ல! மயக்கம் இல்லம்மா, வலிப்பு! காக்கா வலிப்பு! பொண்ணு கையி காலு வெட்டி வெட்டி இழுக்குது. அவ அத்தக்காரி ஓடியாந்து சாவிக்கொத்த கையில வெச்சு அழுத்துறா. ஏழு வயசுல பள்ளிக்கூடத்துல விழுந்தாளாம். இதோ, அவ அம்மாகாரி மாத்திரைய எடுத்துக் கடுகு டப்பாவுல ஒளிக்கிறா. மாப்பிள்ள வூட்டுக்குத் தெரியக் கூடாதுன்னு புருசன்கிட்ட சத்தியம் வாங்குறா...”

சும்மா சொல்லக்கூடாது, அந்தப் பெண் நன்றாகத்தான் சொன்னாள். நடிகை பேசியதைவிட உயிராகச் சொன்னாள். தான் எழுதிய ஒவ்வொரு வசனமும் பூத் தட்டிலிருந்து எழும்பி வருவதைச் செல்வநாயகி கேட்டுக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். எழுந்து போக முடியாது, பக்கத்தில் ஆண்டாள் அவள் கையைப் பிடித்திருந்தாள். பூங்கோதை தூணைப் பிடித்துக்கொண்டு நின்றாள். பழமலைநாதன் டிவியின் பூச்சிகளையே பார்த்துக்கொண்டிருந்தார். அதை அணைக்க வேண்டும் என்றுகூட அவருக்குத் தோன்றவில்லை.

கதை முடிந்து மகள் போனை வைத்தாள்.

“பாவி!” என்றாள் ஆண்டாள். “மறைச்சுக் கட்டி வெக்கப் பாத்தாளே அந்தம்மா! ஏங்க, நம்ம பையனுக்கு இப்புடிச் செஞ்சா வுடுவமா?”

“கததான, வுடு,” என்றார் ராஜாங்கம்.

“கதன்னாலும் வயிறு எரியுதுல்ல.” அவள் செல்வநாயகி பக்கம் திரும்பினாள். “நீங்க சொல்லுங்க, யாருகிட்டயும் சொல்ல மாட்டேன். இப்ப அந்தப் பையனோட அம்மாவுக்கு விசயம் தெரிஞ்சிடும்ல, அவ என்னா செய்வா?”

எல்லாரும் செல்வநாயகியைப் பார்த்தார்கள். அண்ணனும் பார்த்தார், அண்ணியும் பார்த்தாள். ஒரு பொய், ஒரே ஒரு பொய் சொல்லி இந்த அம்மாவின் மனதை இளக்கிவிடலாம் என்று அவளுக்கு நப்பாசை தட்டியது.

“ஏத்துக்குவாங்க,” என்றாள். “செரியாப்போன சீக்குதான, பொண்ணு என்ன தப்பு பண்ணுச்சுன்னு சொல்லி ஏத்துக்குவாங்க.”

ஆண்டாள் உதட்டைப் பிதுக்கினாள். “ஐயே, அது நல்லா இருக்காதுங்க. ஒடனே ஏத்துக்கிட்டா கதையே முடிஞ்சு போயிடுமே! வேணாம்னு சொன்னாத்தான் பாக்க நல்லா இருக்கும்.”



பிரியா முன்னால் வந்தாள். பூங்கோதை அவள் முந்தானையைப் பிடித்தாள். அதை மெதுவாக விடுவித்துக்கொண்டு வந்து, ஆண்டாளுக்கு எதிரில் தரையில் உட்கார்ந்தாள். வகுப்பில் பேசுகிற மாதிரி நிதானமாகத்தான் பேசினாள்.

“அத்தை, அந்தப் பொண்ணு நான்தான். எனக்குத்தான் ஏழு வயசுல பிரேயர்ல வந்துச்சு. அதுக்கப்புறம் பல தடவ வந்துச்சு. சாவிக்கொத்து ஒண்ணும் பண்ணலைங்க, மாத்திரையிலதான் நின்னுச்சு. டாக்டரு நிறுத்தச் சொல்லி நிறுத்தி ரொம்ப வருசமாவுது, இப்ப வர்றதில்ல. உங்ககிட்ட சொல்லணும்னு மொதல்லேருந்து இருந்தேன். சொல்லியிருக்கணும். பொண்ணு பாக்க வந்த அன்னைக்கே சொல்லியிருக்கணும்.”

டிவி மட்டும் இரைந்துகொண்டிருந்தது. ராஜாங்கம் எழுந்து போய் அதை அணைத்தார்.

ஆண்டாள் பிரியாவைப் பார்த்தாள். பூங்கோதையைப் பார்த்தாள். செல்வநாயகியின் கையைப் பிடித்திருந்த தன் கையை எடுத்து மடியில் வைத்துக்கொண்டாள்.

“அம்மா,” என்றாள் கடைசியில். குரலில் பழைய கொஞ்சல் இல்லை, மரியாதை மட்டும் இருந்தது. “இத எழுதறப்ப எங்க நெனப்பு வரல, செரி, நாங்க யாரோ. இந்தப் புள்ள மொகம் உங்க கண்ணு முன்னால வரலியா?”

வந்தது. வந்ததால்தான் அவ்வளவு நன்றாக எழுத முடிந்தது. அதை எப்படிச் சொல்லுவாள்?

“நாங்க பொறப்படுறோம்,” என்று ராஜாங்கம் துண்டை உதறித் தோளில் போட்டார்.

பழமலைநாதன் கைகூப்பினார். “சம்பந்தி, பொண்ணு மேல தப்பு இல்லீங்க. நாங்கதான்...”

“சம்பந்தின்னு இப்ப சொல்லாதீங்க. தப்பா எடுத்துக்காதீங்க, பையன்கிட்ட பேசணும், எங்க மூத்தவகிட்ட பேசணும்.” ஆண்டாள் எழுந்தாள். வாசல் வரை போனவள் நின்று பிரியாவைத் திரும்பிப் பார்த்தாள். ஏதோ சொல்ல வந்தது போல இருந்தது. “நாளைக்கி ராத்திரி ஒம்போது மணிக்கு மேல போன் பண்ணிச் சொல்றோம்,” என்று மட்டும் சொன்னாள்.

வேன் கிளம்பிப் போனது. அவர்கள் கொண்டுவந்த பூ கூடத்திலேயே கிடந்தது. வைக்கவும் இல்லை, திருப்பி எடுத்துப் போகவும் இல்லை.

“முழுசா வேணாம்னு சொல்லிடலல்ல?” என்றாள் பூங்கோதை. “நல்ல பொம்பள அது. ஒரு ராத்திரி யோசிச்சா மனசு எளகும். ஏங்க, எளகும்ல?”

பழமலைநாதன் சட்டைப் பொத்தானைக் கழற்றிக்கொண்டே, “எளகும்,” என்றார். நம்பித்தான் சொன்னார்.

செல்வநாயகி மட்டும் சோபாவை விட்டு அசையவில்லை. ஒன்பது மணிக்கு மேல் என்று ஆண்டாள் சொன்னது ஏன் என்று அவளுக்குப் புரிந்திருந்தது. என்ன நடந்தாலும் எட்டரை மணிக்கு அந்த வீட்டில் டிவி முன்னால் உட்காருவார்கள். நாளைக்கும் உட்காருவார்கள்.

பிரியா வந்து அவள் பக்கத்தில் உட்கார்ந்தாள். அவள் கெட்டிக்காரி, சட்டென்று பிடித்துவிட்டாள்.

“சின்னத்தை, நாளைக்கி எபிசோடு எழுதியாச்சா?”

“எழுதி, எடுத்து, டேப்பு போயிடுச்சு.”

“என்ன வருது?”

“பையனோட அம்மா பேசுறா.” என்றாள் செல்வநாயகி. “எபிசோடு பூரா அவ ஒருத்திதான் பேசுறா. இந்தப் பொண்ணு ஏன் எங்க வூட்டுக்கு வேணாம்னு பேசுறா.”

பூங்கோதை வாயைப் பொத்திக்கொண்டாள். பழமலைநாதன் பொத்தானில் வைத்த கையை எடுக்காமல் நின்றார்.

“எளக மாட்டாளா?” என்றாள் பிரியா.

“மாட்டாடி. எளகக் கூடாதுன்னு சேனல்ல சொன்னாங்க.”

பிரியா பரீட்சைத் தாளில் மார்க் கேட்கிற பிள்ளையைப் போலக் கேட்டாள்:

“நல்லா எழுதியிருக்கீங்களா சின்னத்தை?”

படப்பிடிப்பில் அந்த நடிகை பேசி முடித்ததும் லைட் பிடிக்கிற ஆள் முதல் எல்லாரும் கை தட்டினார்கள். பொண்ணைப் பெற்றவர்களே கேட்டால்கூட அந்த அம்மா சொல்வது நியாயம்தான் என்று சொல்லிவிடுவார்கள், அப்படி ஒரு வசனம். இன்றைக்கு ஏற்கெனவே ஒரு பொய் சொல்லிப் பார்த்தாயிற்று. இன்னொன்று சொல்ல அவளுக்குத் தெம்பு இல்லை.

“ரொம்ப நல்லா எழுதியிருக்கேண்டி,” என்று சொல்லிவிட்டுச் செல்வநாயகி வாய்விட்டு அழுதாள்.